தவளை கொண்டுவந்த மழை: ஒரு ‘கூட்டல் கூட்டல்’ தடையின் வரலாறு

போக்கிமான் ஷோடவுன் என்று ஒரு மென்பொருள் இருக்கிறது. போக்கிமான் சண்டைகளை உலாவியிலேயே விளையாடலாம். திறந்த மூல நிரல் என்பதால் உள்ளே என்ன இருக்கிறது என்று யார் வேண்டுமானாலும் படிக்கலாம். எனக்கு இந்த மாதிரி கோப்புகளைப் படிப்பது பொழுதுபோக்கு. (வேலையிலும் அதே, வீட்டிலும் அதே என்று வீட்டில் திட்டு விழுவது தனிக்கதை.) அதில் எந்தப் போட்டிக்கு எவையெல்லாம் தடை என்று ஒரு பட்டியல் வரும். பெரும்பாலும் ஒரு சொல், ஒரு தடை. ஆனால் ஐந்தாம் தலைமுறை ஆட்டத்துக்கான பட்டியலில் ஒரு வரி வித்தியாசமாக இருக்கும்: ‘டிரிஸில் ++ ஸ்விஃப்ட் ஸ்விம்’.

ஒரு கூட்டல் குறி போட்டால், இந்த இரண்டும் ஒரே போக்கிமானிடம் இருக்கக்கூடாது என்று பொருள். இரண்டு கூட்டல் குறி போட்டால், ஒரே அணியில் எங்குமே சேர்ந்து இருக்கக்கூடாது. தனித்தனியாக இரண்டும் சட்டப்படி செல்லும். சேர்ந்தால்தான் குற்றம்!

இந்த ஒரு வரிக்குப் பின்னால் பன்னிரண்டு வருடக் கதை இருக்கிறது. நல்ல கதை. போக்கிமான் விளையாடாதவர்களும் படிக்கலாம், தேவையானதை வழியிலேயே சொல்லிவிடுகிறேன்.

1999: மழைக்கு ஒரு விலை இருந்தது

1996 பிப்ரவரியில் ஜப்பானில் வந்த முதல் போக்கிமான் ஆட்டங்களில் சண்டை எளிமையானது. ஒவ்வொரு போக்கிமானுக்கும் ஒன்று அல்லது இரண்டு வகை: நீர், நெருப்பு, புல், மின்சாரம் என்று. நீர் நெருப்பை அடிக்கும், நெருப்பு புல்லை அடிக்கும், புல் நீரை அடிக்கும். அதற்கு மேல் நான்கு தாக்குதல்கள், பலம், வேகம் போன்ற சில எண்கள். அவ்வளவுதான்.

1999-ல் ‘கோல்ட்’, ‘சில்வர்’ ஆட்டங்களில் வானிலை வந்தது. ‘ரெயின் டான்ஸ்’ என்ற உத்தியைப் பயன்படுத்தினால் ஐந்து சுற்றுகள் மழை பெய்யும். மழையில் நீர்த் தாக்குதல் 1.5 மடங்கு, நெருப்புத் தாக்குதல் பாதி. சாதாரணமாக 70 சதவீதம்தான் படக்கூடிய இடித் தாக்குதல், மழையில் தவறாமல் படும்.

கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் விலையைப் பாருங்கள். மழையை வரவழைக்கவே ஒரு சுற்று போய்விடும். அந்தச் சுற்றில் எதிராளி உங்களை ஓர் அடி அடித்துவிடுவார். மிச்சம் நான்கு சுற்று. அதற்குள் வேலையை முடிக்க வேண்டும். வேகமான விளையாட்டில் ஒரு சுற்று என்பது சதுரங்கத்தில் ஒரு நகர்வை விட்டுக்கொடுப்பது மாதிரி.

அதே ஆட்டத்தில்தான் பாலிடோட் என்ற பச்சைத் தவளையும் அறிமுகமானது. மழையும் தவளையும் ஒரே வருடத்தில் பிறந்தும், பதினோரு வருடம் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாமல் இருந்தன என்பதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

2002: தொகுசெய்

2002 நவம்பரில் ‘ரூபி’, ‘சஃபையர்’ வந்தன. ஒவ்வொரு போக்கிமானுக்கும் ஒரு பிறவிக் குணம் கொடுத்தார்கள். ஜப்பானிய மொழியில் ‘தொகுசெய்’, தனித்தன்மை என்று சொல்லலாம். ஆங்கிலப் பதிப்பில் அது ‘எபிலிட்டி’ ஆனது. நான் இங்கே ‘திறன்’ என்கிறேன்.

இதைத் தாக்குதலோடு குழப்பிக்கொள்ளக் கூடாது. தாக்குதலை நீங்கள் தேர்ந்தெடுக்க வேண்டும், அதற்கு ஒரு சுற்று செலவாகும். திறன் தானாக இயங்கும். நிரலாக்கம் தெரிந்தவர்களுக்கு ஒரு வரியில் சொன்னால், அது ஒரு ‘ஈவென்ட் ஹேண்ட்லர்’. ‘களத்துக்குள் வந்தால் இதைச் செய்’, ‘அடிபட்டால் அதைச் செய்’ என்று முன்பே எழுதி வைத்த கட்டளை. ஷோடவுன் நிரலில் டிரிஸில் திறனின் மையம் இவ்வளவுதான்: இந்தப் போக்கிமான் களத்துக்கு வந்ததும் வானிலையை மழையாக மாற்று. ஸ்விஃப்ட் ஸ்விம் இன்னும் சின்னது: வானிலை மழையா? அப்படியென்றால் வேகத்தை இரண்டால் பெருக்கு.

டிரிஸிலுக்கு ஜப்பானியப் பெயர் ‘அமேஃபுராஷி’, மழை பெய்விப்பது. ஸ்விஃப்ட் ஸ்விமுக்கு ‘சுய்சுய்’. நம்மூர் இரட்டைக்கிளவி மாதிரி, சரசரவென்று நீந்திப் போகிற ஒலிக்குறிப்பு.

திறன் எவ்வளவு முக்கியம் என்பதற்கு ஓர் உதாரணம். ஸ்லேக்கிங் என்ற சோம்பேறிக் குரங்கின் அடிப்படை எண்களைக் கூட்டினால் 670 வரும். கடலின் கடவுள் மாதிரிச் சித்திரிக்கப்படும் கையோகருக்கும் அதே 670. ஆனால் ஸ்லேக்கிங்கின் திறன் ‘ட்ரூவன்ட்’: ஒரு சுற்று அடித்தால் அடுத்த சுற்று சும்மா உட்கார்ந்திருக்கும். கையோகரின் திறன் டிரிஸில். ஒன்று போட்டிகளில் சீந்துவாரில்லாமல் கிடந்தது. இன்னொன்று பெரும்பாலான போட்டிகளில் நுழையவே தடை.

காரணம், டிரிஸில் கொண்டுவந்த மழைக்கு முடிவே கிடையாது. ரெயின் டான்ஸ் மழை ஐந்து சுற்றில் நிற்கும். டிரிஸில் மழை, வேறு யாராவது வந்து வானிலையை மாற்றும்வரை பெய்துகொண்டே இருக்கும். செலவு ஒரு சுற்றுகூட இல்லை. களத்துக்கு வந்தால் போதும்.

ஆனாலும் 2002-ல் பெரிய பிரச்சினை வரவில்லை. டிரிஸில் கையோகரிடம் மட்டும். வெயில் கொண்டுவரும் ‘ட்ரவுட்’ கிரவுடானிடம் மட்டும். இரண்டுமே கதையின் உச்சத்தில் வரும் ராட்சதர்கள், போட்டி விதிகளில் ஏற்கெனவே ஓரமாக வைக்கப்பட்டவர்கள். சாதாரண ஆட்டத்தில் நிரந்தர வானிலை வைத்திருந்தது டைரனிடார் மட்டுமே, மணற்புயல். அது ஒவ்வொரு சுற்றிலும் எதிராளியின் உயிர்ப்புள்ளியில் பதினாறில் ஒரு பங்கைத் தின்னும். அப்போது பலரும் கையில் கொடுத்து அனுப்பிய ‘லெஃப்ட்ஓவர்ஸ்’ என்ற பொருள் ஒவ்வொரு சுற்றும் திருப்பித் தருவதும் அதே பதினாறில் ஒன்று. அதாவது டைரனிடார் வந்து நின்றாலே எதிரணியின் சாப்பாடு வீண்!

ஸ்விஃப்ட் ஸ்விம் மட்டும் கிங்ட்ரா, லூடிகோலோ, கபுடாப்ஸ் என்று பல சாதாரண போக்கிமான்களிடம் தாராளமாகக் கொடுக்கப்பட்டிருந்தது. அதில் ஆபத்து இல்லை. மழைக்கு விலை இருந்ததால், அந்த வேகத்துக்கும் விலை இருந்தது.

2010: தவளை வாய் திறந்தது

2010 செப்டம்பரில் ‘பிளாக்’, ‘ஒயிட்’. இதில் ‘மறைதிறன்’ என்று ஒன்றைச் சேர்த்தார்கள். பழைய போக்கிமான்களுக்கு, வழக்கமான திறனுக்குப் பதிலாக இன்னொரு திறன் அரிதாகக் கிடைக்கும். ‘ட்ரீம் வேர்ல்ட்’ என்ற இணையத்தளம் வழியாக அவற்றைப் பிடிக்கலாம்.

நோக்கம் நல்லதுதான். யாரும் தொடாத பழைய போக்கிமான்களுக்கு மறுவாழ்வு. அதில் பாலிடோட்டுக்குக் கிடைத்தது டிரிஸில். தவளை கத்தினால் மழை என்று நம்மூரில் சொல்வதைப்போல, தவளைக்கும் மழைக்கும் முடிச்சுப் போடுவது ஜப்பானிலும் உண்டு. ஆக, கற்பனையாக ரொம்பப் பொருத்தம். அதேபோல் நைன்டேல்ஸ் என்ற ஒன்பது வால் நரிக்கு வெயில்.

இப்போது கணக்குப் போட்டுப் பார்ப்போம். ‘ஹைட்ரோ பம்ப்’ என்ற நீர்த் தாக்குதலின் பலம் அப்போது 120. நீர்வகைப் போக்கிமான் அடித்தால் 1.5 மடங்கு. மழையில் இன்னொரு 1.5 மடங்கு. ஆக 270. ஒரு போக்கிமான் தன்னையே வெடித்துத் தற்கொலை செய்துகொள்ளும் ‘எக்ஸ்ப்ளோஷன்’ தாக்குதலின் பலமே 250-தான். சுற்றுக்குச் சுற்று, சாகாமல், அதைவிட பலமாக அடிக்கலாம்.

அடுத்தது வேகம். நூறாம் நிலையில் முழுப் பயிற்சி பெற்ற கிங்ட்ராவின் வேகம் 269. மழையில் 538. அந்தக் காலத்தில் எல்லாவற்றிலும் வேகமான டியாக்ஸிஸின் வேக வடிவத்தை எவ்வளவு தீட்டினாலும் 504. கிட்டத்தட்ட யாராலும் முந்த முடியாது. முந்த முடியாத ஒன்று, தாங்க முடியாத அடியை அடிக்கிறது. அதற்கு நீங்கள் கொடுத்த விலை, அணியில் ஒரு தவளைக்கு இடம்.

பாலிடோட் மாறவில்லை. அதன் எண்கள் அதே எண்கள், மொத்தம் 500. கிங்ட்ராவும் மாறவில்லை. இரண்டுக்கும் இடையில் இருந்த அந்த ஒரு சுற்று விலை மட்டும் காணாமல் போனது.

யார் திருத்துவது?

இங்கேதான் எனக்கு இந்தக் கதை சுவாரசியமாகிறது. இன்று ஒரு விளையாட்டில் ஏதாவது மிதமிஞ்சிப் போனால், அடுத்த வாரம் ஒரு புதுப்பிப்பு வந்து சரிசெய்துவிடும். 2010-ல் போக்கிமான் ஒரு சின்ன அட்டைச் சில்லில் விற்கப்பட்டது. விற்றது விற்றதுதான். அடுத்த தலைமுறை ஆட்டம் வரும்வரை டிரிஸில் டிரிஸில்தான்.

அதனால் விளையாடுபவர்களே சட்டம் எழுத வேண்டியிருந்தது. 2004-லிருந்து இயங்கும் ஸ்மோகன் என்ற இணையச் சமூகம் அதைத்தான் செய்துவந்தது. போக்கிமான்களைப் பயன்பாட்டின்படி அடுக்குகளாகப் பிரித்து, சந்தேகத்துக்குரியதைச் சோதனைக் களத்தில் விளையாடவிட்டு, அங்கே நல்ல தரநிலை எடுத்தவர்களுக்கு வாக்குரிமை கொடுத்து முடிவெடுப்பார்கள். சம்பளம் கிடையாது, அதிகாரம் கிடையாது. ஏற்றுக்கொள்பவர்களுக்கு மட்டும் செல்லும் சட்டம்.

அவர்கள் முன்னால் மூன்று வழிகள் இருந்தன.

ஒன்று, டிரிஸிலைத் தடை செய்வது. மழையே போய்விடும். மழையை வைத்துப் பொறுமையாக, தற்காப்பாக விளையாடுகிற அணிகளும் சேர்ந்து போய்விடும். ஃபெரோதார்ன் என்ற இரும்பு முட்செடிக்கு நெருப்பு நான்கு மடங்கு வலிக்கும். மழையில் அது இரண்டு மடங்காகக் குறையும். இப்படி மழையைக் குடையாகப் பிடித்த எத்தனையோ அணிகள் இருந்தன, அவற்றால் யாருக்கும் தொந்தரவு இல்லை.

இரண்டு, கிங்ட்ரா, லூடிகோலோ, கபுடாப்ஸ் என்று ஒவ்வொன்றாகத் தடை செய்வது. மழை இல்லாத இடத்தில் அவை அப்பாவிகள். ஒன்றைத் தடுத்தால் அடுத்தது அந்த இடத்துக்கு வரும்.

மூன்று, சேர்க்கையை மட்டும் தடுப்பது. 2011-ல் இதுதான் முன்மொழியப்பட்டு ஏற்கப்பட்டது. நான் முதலில் சொன்ன அந்த வரி பிறந்தது இப்படித்தான்.

நியாயமாகத்தானே இருக்கிறது என்று தோன்றும். ஆனால் எதிர்ப்பும் வலுவானது. அன்று நடந்த விவாதத்தின் சாரம் இது: சேர்க்கையைத் தடை செய்ய ஆரம்பித்தால் எங்கே நிறுத்துவது? எந்தக் குற்றவாளியையும் ‘இவன் தனியாக இருந்தால் நல்லவன்’ என்று காப்பாற்றிவிடலாமே? இதற்குச் சரியான எடுத்துக்காட்டு ப்ளேஸிகன். ஒவ்வொரு சுற்றும் வேகம் ஏறும் ‘ஸ்பீட் பூஸ்ட்’ என்ற மறைதிறன் அதே 2010-ல் இந்த நெருப்புச் சேவலுக்கும் கிடைத்தது. அதற்காக ப்ளேஸிகனையே முழுசாகத் தடை செய்தார்கள். பழைய திறனோடு வந்தால் அது ஒரு சாதாரண சேவல்தான், ஆனாலும் அனுமதி இல்லை. மழை அணிக்கு ஒரு நீதி, சேவலுக்கு ஒரு நீதியா?

என் கருத்தைக் கேட்டால், அந்த முரண்பாட்டை மறைக்க முடியாது. ஆனாலும் மழை விஷயத்தில் அவர்கள் எடுத்த முடிவு சரி என்றே நினைக்கிறேன். ப்ளேஸிகனைத் தடுத்தால் இழப்பு ஒரு போக்கிமான். டிரிஸிலைத் தடுத்திருந்தால் ஒரு விளையாடும் பாணியே போயிருக்கும். மென்பொருளிலும் இதே சிக்கல் உண்டு. இரண்டு பகுதிகள் தனித்தனியாகச் சரியாக வேலை செய்யும், சேர்த்தால் உடையும். பிழை எந்தப் பகுதியில் என்று கேட்டால் பதில் கிடையாது. அது இரண்டுக்கும் நடுவில் இருக்கிறது. திருத்தத்தையும் நடுவில்தான் போட வேண்டும். அழகாக இருக்காது, பின்னால் படிப்பவர் தலையைச் சொறிவார். ஆனால் மற்றதெல்லாம் பிழைக்கும்.

வானிலைப் போர்

தடைக்குப் பிறகு மழை ஓயவில்லை. ‘வானிலைப் போர்’ என்றே அந்தக் காலகட்டத்தைச் சொல்வார்கள். பாலிடோட்டின் மழை, நைன்டேல்ஸின் வெயில், டைரனிடாரும் ஹிப்போடனும் கொண்டுவரும் மணல், அபாமஸ்னோவின் ஆலங்கட்டி. எதிராளியின் வானிலையை அழிக்க உங்களுக்கும் ஒரு வானிலை வேண்டும். ஆறு இடத்தில் ஓர் இடம் கிட்டத்தட்ட முன்பதிவு ஆகிவிட்டது.

இதில் ஓர் அழகான நுணுக்கம். இரண்டு வானிலைக்காரர்களும் ஒரே நேரத்தில் களமிறங்கினால், வேகமானவரின் திறன் முதலில் இயங்கும். மெதுவானவரின் திறன் அடுத்து இயங்கி, முதலாவதை அழித்துவிடும். கடைசியாக எழுதியவன் எழுத்துதான் நிற்கும்! ஆக மெதுவாக இருப்பதே பலம். நைன்டேல்ஸின் அடிப்படை வேகம் 100, பாலிடோட் 70, டைரனிடார் 61, அபாமஸ்னோ 60, ஹிப்போடன் 47. வேகத்துக்காக எல்லோரும் அடித்துக்கொள்ளும் ஆட்டத்தில், இந்த ஒரு இடத்தில் மட்டும் ஆமைதான் ஜெயிக்கும். பாவம் நரி, மழைக்கும் மணலுக்கும் எதிரே ஒவ்வொரு முறையும் அதன் வெயில் அணைந்துபோகும்.

இன்னொரு விளைவு, வானிலைக்காரர் சதுரங்க ராஜா மாதிரி ஆகிவிட்டார். அவர் செத்தால் அணியே சரிந்துவிடும். எனவே எதிராளியின் ராஜாவைப் பிடிக்க ஒரு திறனைத் தேடினார்கள். டக்ட்ரியோ என்ற மூன்று தலை அகழெலியின் ‘அரீனா ட்ராப்’, தரையில் நிற்கும் எதிரியைக் களத்தை விட்டுப் போக விடாது. வெயில் அணிகள் டைரனிடாரைச் சிறைப்பிடிக்க டக்ட்ரியோவைக் கூட்டிவந்தன. திறனைத் திறனால் அறுப்பது. ‘அரீனா ட்ராப்’ பின்னாளில் அதே தடைப்பட்டியலில் தனியாக ஏறியது.

2013: விலை திரும்பியது

கடைசியில் ஆட்டத்தை உருவாக்கிய கேம் ஃப்ரீக் செய்தது நான்காவது வழி. 2013 அக்டோபரில் வந்த ‘எக்ஸ்’, ‘ஒய்’ ஆட்டங்களில் திறனால் வரும் வானிலைக்கும் ஐந்து சுற்றுதான் ஆயுள். உரிய கல்லைக் கையில் கொடுத்தால் எட்டு. அவ்வளவுதான் மாற்றம். எந்தப் போக்கிமானிடமிருந்தும் எதையும் பிடுங்கவில்லை. காணாமல் போன விலையை, சுற்றுக் கணக்கில் திரும்ப வைத்தார்கள்.

அதற்குப் பிறகு டிரிஸிலைக் கண்டு அவர்களுக்குப் பயமில்லை. 2016-ல் ‘சன்’, ‘மூன்’ ஆட்டங்களில் பெலிப்பர் என்ற கூழைக்கடாவுக்கும் டிரிஸிலைக் கொடுத்தார்கள். ஸ்விஃப்ட் ஸ்விம் உள்ள மெகா ஸ்வாம்பர்ட்டும் பெலிப்பரும் ஸ்மோகன் களத்திலேயே ஒரே அணியில் பகிரங்கமாகச் சுற்றின. டார்கோல் என்ற ஆமைக்கு வெயில் கிடைத்தது. அதன் வேகம் 20! மெதுவானவன் ஜெயிக்கும் விதி தெரிந்தவர்களுக்கு அந்த எண்ணைப் பார்த்ததும் சிரிப்பு வந்திருக்கும்.

மெதுவாவதற்கான போட்டியின் உச்சம் இரட்டையர் ஆட்டத்தில், 2016 அதிகாரப்பூர்வப் பருவத்தில் வந்தது. அந்த வருடம் கையோகரும் கிரவுடானும் ‘ப்ரைமல்’ வடிவத்தில் அனுமதிக்கப்பட்டிருந்தன. ப்ரைமல் கிரவுடானின் வெயிலில் நீர்த் தாக்குதல் ஆவியாகி ஒன்றுமில்லாமல் போகும். ப்ரைமல் கையோகரின் மழையில் நெருப்பு அணைந்துபோகும். இரண்டின் அடிப்படை வேகமும் ஒன்றே, 90. எனவே யார் மெதுவோ அவர் வானிலை நிற்கும். உலகத்தின் சக்தி வாய்ந்த இரண்டு ராட்சதர்களை, வேகம் குறைவாகப் பிறந்திருக்கிறதா என்று சோதித்துச் சோதித்துப் பிடித்தார்கள்.

அந்த அதிகாரப்பூர்வப் போட்டிகளில் ‘++’ மாதிரி ஒரு விதி கிடையாது. அங்கே தடை என்றால் பெரும்பாலும் போக்கிமானின் பெயர்ப் பட்டியல்தான். சேர்க்கைகளைத் தேடிக் கண்டுபிடிப்பது விளையாடுபவர் வேலை என்று விட்டுவிடுகிறார்கள்.

அந்த வரி இன்னும் ஏன் இருக்கிறது

புதிய ஆட்டங்களுக்கு அந்தத் தடை தேவையில்லை. ஆனால் ஐந்தாம் தலைமுறை ஆட்டத்தை இன்றும் விரும்பி விளையாடுபவர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு மழை இன்னும் முடிவில்லாமல்தான் பெய்கிறது. அதனால் 2011-ல் வாக்களித்த முடிவு இன்றும் நடைமுறைச் சட்டம். பின்னால் ‘ட்ரவுட் ++ குளோரோஃபில்’ என்று வெயிலுக்கும் ஒரு கூட்டல் கூட்டல் வரி சேர்ந்தது. எங்கே நிறுத்துவது என்று கேட்டவர்கள் முழுக்கத் தவறாகக் கேட்கவில்லை.

மறைதிறன்களை வழங்கிய ட்ரீம் வேர்ல்ட் தளம் 2014 தொடக்கத்திலேயே மூடப்பட்டுவிட்டது. இன்று போய்ப் பார்க்க அங்கே ஒன்றும் இல்லை. தவளைக்கு மழை கொடுத்த கதவு போய்விட்டது, அந்த மழைக்குக் கட்டிய கரை மட்டும் ஒரு நிரல் கோப்பில் நிற்கிறது. அதைக் கட்டியவர்களில் பலர் அப்போது கல்லூரி வயதைத் தாண்டாதவர்கள் என்றே நினைக்கிறேன்.

நேரமிருந்தால் ஐந்தாம் தலைமுறை விதிகளில் ஷோடவுனில் ஓர் ஆட்டம் போட்டுப் பாருங்கள். பாலிடோட்டை முதல் ஆளாக அனுப்புங்கள். கிங்ட்ராவுக்கு ஸ்விஃப்ட் ஸ்விம் கொடுத்தால் மென்பொருள் அணியை ஏற்காது. வேறு திறன் கொடுத்துக் கூட்டிப்போங்கள், மழை பெய்யும்.

அடுத்து ‘இன்டிமிடேட்’ திறன் பற்றி எழுத உத்தேசம். களத்துக்கு வந்ததுமே எதிராளியின் தாக்கும் பலத்தைக் குறைக்கும் திறன் அது. அதை அடக்கப் பல தலைமுறைகளில் புதுப்புதுத் திறன்களைச் சேர்த்துக்கொண்டே போயிருக்கிறார்கள். மழைக்குச் செய்த வைத்தியத்துக்கு நேர் எதிரான வைத்தியம்.